கேமை மூடுறது எப்படி? மெயினை அணைக்கலாமா? – வாசகர் கேள்வி பதில்

முழுப் பரீட்சை லீவு விட்டாலும் விட்டாங்க, வர்ற கேள்வியெல்லாம் பிளேஸ்டேஷன் (சுருக்கமா பிஎஸ்4, பிஎஸ்5), எக்ஸ்பாக்ஸ் மாதிரி கேம் பொட்டியப் பத்தியே இருக்கு. எப்படி மூடுறது, மூடாம விட்டா என்னாகும், கரண்ட் போனா என்ன பண்றதுன்னு ஆளாளுக்கு ஒரு பக்கமா கேட்டிருக்கீங்க, ஆனா எல்லாம் ஒரே இடத்துலதான் வந்து நிக்குது. அதனால இந்த இதழ் பூரா அதுதான். மத்த கேள்வி அனுப்புனவங்க அடுத்த இதழ் வரைக்கும் பொறுத்துக்கோங்க.

என் மகன் எட்டாவது படிக்கிறான், பிஎஸ்4 வச்சிருக்கான். சாப்பிட வாடான்னா "இரும்மா, சேவ் ஆகட்டும்"ங்கிறான், பத்து நிமிஷம் கழிச்சு கூப்பிட்டாலும் அதே பதில்தான். போன வாரம் பொறுக்க மாட்டாம சுவிட்ச்சை ஆஃப் பண்ணிட்டேன். ரெண்டு நாளா மூஞ்சி குடுத்துப் பேசமாட்டேங்குறான். நெசமாவே சேவ்னு ஒண்ணு இருக்கா, இல்ல ஏமாத்துறானா?
– வாசகி, திருமங்கலம்

இருக்குக்கா. அவன் சொல்றது பொய் இல்ல, ஆனா சேவ் ஆக பத்து நிமிஷமும் ஆகாது.

ஆடிக்கிட்டு இருக்கும்போது அவன் எங்க நிக்கிறான், என்ன சேர்த்து வச்சிருக்கான், எதை முடிச்சிருக்கான்ங்கிறது எல்லாம் மெமரியிலதான் இருக்கும், அது கரண்ட் இருக்குற வரைக்கும்தான் நிக்கும். அதை எடுத்து உள்ள இருக்குற ஹார்டு டிஸ்க்குல எழுதி வைக்கிறதுக்குப் பேருதான் சேவ். எழுதுறது சில செகண்டு வேலை. அந்த நேரத்துல திரையோட ஒரு மூலையில சின்னதா ஒரு வட்டமோ வேற ஏதாவது படமோ சுத்தும், நிறைய கேம்ல ஆரம்பிக்கும்போதே எழுத்துலயும் போட்டுருவாங்க, இந்த அடையாளம் தெரியிறப்ப மெஷினை ஆஃப் பண்ணாதீங்கன்னு. நீங்க சுவிட்ச்சைத் தட்டுனது சரியா அந்த செகண்டுல விழுந்திருந்தா எழுதுனது பாதி எழுதாதது பாதின்னு ஃபைல் கெட்டுப்போக வாய்ப்பு இருக்கு. அந்த செகண்டுல விழலைன்னா கடைசியா சேவ் ஆனதுக்கு அப்புறம் ஆடுனது மட்டும்தான் போகும், அது அஞ்சு நிமிஷ ஆட்டமாவும் இருக்கலாம் ரெண்டு மணி நேர ஆட்டமாவும் இருக்கலாம், கேமைப் பொறுத்தது.

அப்ப ஏன் பத்து நிமிஷம் ஆக்குறான்னு கேப்பீங்க. சில கேம்ல நெனச்ச இடத்துல சேவ் பண்ண முடியாது, கதையில ஒரு குறிப்பிட்ட இடத்தைத் தாண்டுனாத்தான் தானா சேவ் ஆகும், அதுக்கு செக்பாயிண்ட்னு சொல்வாங்க, புள்ள அங்க போய்ச் சேரத்தான் "இரும்மா"ங்கிறான். இன்னொண்ணு ஆன்லைன் மேட்ச். ஃபுட்பால் கேம்ல எதிர்ல எவனோ ஒருத்தன் எங்கயோ உக்காந்து ஆடிக்கிட்டு இருப்பான், அதை நாம நெனச்சபடி நிறுத்தி வைக்க முடியாது, நடுவுல வெளிய வந்தா தோத்ததாக் கணக்கு. ஒரு மேட்ச்சு முடிய கால் மணி நேரம் பக்கம் ஆகும். இந்த ரெண்டுல ஒண்ணுன்னா புள்ள மேல தப்பு இல்ல, ரெண்டுமே இல்லாம தனியா ஆடுற கேம்ல மெனுவைத் திறந்து சேவ் கொடுக்குற வசதி இருந்தும் இழுத்தடிக்கிறான்னா அப்ப நீங்க கண்டிக்கிறதுல நியாயம் இருக்கு.

இதுல அவனுக்கும் தெரியாத ஒண்ணு இருக்கலாம், சொல்லிக் குடுங்க. பிஎஸ்4-ல ரெஸ்ட் மோடுன்னு ஒண்ணு இருக்கு. கன்ட்ரோலர் நடுவுல இருக்குற பிஎஸ் பட்டனை அழுத்திப் பிடிச்சா ஒரு மெனு வரும், அதுல பவர்ல போய் ரெஸ்ட் மோடு கொடுத்தா பொட்டியில ஆரஞ்சு லைட் எரியும், ஆட்டம் அப்படியே உறைஞ்சு நிக்கும், சாப்பிட்டு வந்து பட்டனை அழுத்துனா விட்ட அதே இடத்துல இருந்து ஆடலாம். செட்டிங்ஸ்ல பவர் சேவ் செட்டிங்ஸ்குள்ள போய் ரெஸ்ட் மோடுல என்னென்ன நடக்கணும்ங்கிற இடத்துல "கீப் அப்ளிகேஷன் சஸ்பெண்டட்"னு இருக்குறதை டிக் பண்ணி வைக்கணும், அவ்வளவுதான். தனியா ஆடுற கேமுக்கு "சேவ் ஆகட்டும்"ங்கிற பேச்சே வேணாம். ஆன்லைன் மேட்ச்சுக்கு மட்டும் இது உதவாது, ரெஸ்ட் மோடு போனா நெட் கனெக்ஷன் அறுந்துரும்.

ஒண்ணே ஒண்ணு கேட்டுக்குறேன்க்கா, மெயின் சுவிட்ச்சுல மட்டும் கை வைக்காதீங்க. சாப்பாட்டுக்குக் கால் மணி நேரம் முன்னாடியே "இந்த மேட்ச்சோட சரி, அடுத்தது ஆரம்பிக்கக் கூடாது"ன்னு சொல்லுங்க. அவன் மாசக்கணக்கா உக்காந்து சேத்தது அது, நமக்கு வெளையாட்டு, அவனுக்கு அது பாடுபட்டுச் செஞ்ச வேலை. அது கண்ணு முன்னாடி அழிஞ்சா புள்ளைக்கு எம்புட்டு வலிக்கும்னு எனக்கு வர்ற கடிதங்கள்ல இருந்து நல்லாத் தெரியுது.

பிஎஸ்4-ஐ வித்துட்டு பிஎஸ்5 வாங்கிருக்கேன். பழைய ஞாபகத்துல பிஎஸ் பட்டனைத் தட்டுனா கீழ வரிசையா என்னமோ வருது. கேமை எங்க போய் க்ளோஸ் பண்றது?
– கல்லூரி மாணவர், அண்ணா நகர்

தம்பி, பட்டன் வேலையை மாத்தி வச்சிட்டாங்க, நிறைய பேரு இதுல தடுமாறுறாங்க. பிஎஸ்4-ல ஒரு தட்டு தட்டுனா ஹோம், அதாவது கேமெல்லாம் வரிசையா நிக்கிற முகப்பு, அழுத்திப் பிடிச்சா சின்ன மெனு. பிஎஸ்5-ல ஒரு தட்டுக்கு கீழ கன்ட்ரோல் சென்டர் வரும், அழுத்திப் பிடிச்சாத்தான் ஹோம். ஹோம்ல போய் அந்த கேம் மேல நின்னுக்கிட்டு ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்து, "க்ளோஸ் கேம்"னு வரும். மூடுறதுக்கு முன்னாடி கேமுக்குள்ளயே சேவ் பண்ணிட்டியான்னு பாத்துக்க, ஏன்னா இங்க க்ளோஸ் கொடுத்தா கேம் கிட்ட கேக்காது, அந்த நிமிஷமே வெட்டி விட்டுரும். பிஎஸ்5-ல ஒரு நேரத்துல ஒரு கேம்தான் ஓடும், வேற கேமைத் திறந்தா பழசை மூடவான்னு கேக்கும், அங்கயும் அவசரப்பட்டு ஓகே கொடுத்துறாத.

எங்க ஊர்ல கரண்ட் எப்ப போகும் எப்ப வரும்னு சொல்ல முடியாது. ஒவ்வொரு தடவை போய் வந்ததும் டிவியில "சரியா ஆஃப் பண்ணல"ன்னு ஒரு மெசேஜ் வந்து ஏதோ செக் பண்ணுது. மெஷின் போயிருமோன்னு பயமா இருக்கு. என்ன செய்யலாம்?
– வாசகர், உசிலம்பட்டி பக்கம்

இந்தக் கேள்விக்குத்தான் நான் ரொம்ப நேரம் எடுத்துக்கிட்டேன், ஏன்னா நம்ம பக்கம் சித்திரை வைகாசியில சாயங்காலம் காத்து மழைன்னு ஆரம்பிச்சாப் போதும், கரண்ட் போய்ப் போய் வரும், புள்ளைக ஆடுற நேரமும் அதுதான்.

மொதல்ல அந்த மெசேஜ். அது மெஷின் கெட்டுப்போச்சுங்கிற அறிவிப்பு இல்ல. போன தடவை முறைப்படி அணைக்காம நின்னு போனதால உள்ள இருக்குற ஃபைலெல்லாம் ஒழுங்கா இருக்கான்னு அதுவே தடவிப் பாக்குது, அவ்வளவுதான். அதை முடிக்க விடுங்க, லேட்டாகுதேன்னு நடுவுல திரும்ப ஆஃப் பண்ணீங்கன்னா அதுதான் ஆபத்து. ஹார்டு டிஸ்க்குல கீறல் விழுந்துரும்னு சிலர் பயமுறுத்துவாங்க, இப்ப வர்ற டிஸ்க்குல கரண்ட் போனதும் உள்ள இருக்குற முள்ளு தானா ஓரமா ஒதுங்கிக்கும், கெடுறது பெரும்பாலும் பாதியில நின்னு போன எழுத்துதான். பிஎஸ்5-ல சுத்துற டிஸ்க்கே கிடையாது, எஸ்எஸ்டிங்கிற சிப்புதான், ஆனா அதுலயும் பாதி எழுத்து பாதி எழுத்துதான்.

மெசேஜ் போயும் மெஷின் மந்தமா இருக்கு, ஹோம்ல கேம் காணோம், அடிக்கடி தொங்குதுன்னா பிஎஸ்4, பிஎஸ்5 ரெண்டுலயும் சேஃப் மோடுன்னு ஒண்ணு இருக்கு. பொட்டியை முழுசா ஆஃப் பண்ணிட்டு பவர் பட்டனை விரலை எடுக்காம அழுத்தியே பிடிங்க, மொத பீப் சத்தம் வரும், விடாதீங்க, ஏழு செகண்டு போல கழிச்சு ரெண்டாவது பீப் வரும், அப்ப விடுங்க. கன்ட்ரோலரை கேபிள்ல சொருகி பிஎஸ் பட்டனை அழுத்துனா ஒரு பட்டியல் வரும். அதுல 5-வதா இருக்குறது "ரீபில்டு டேட்டாபேஸ்", பிஎஸ்5-ல கேஷ் (தற்காலிகமா சேத்து வச்ச ஃபைல்) க்ளியர் பண்றதும் அதே வரியில சேந்து இருக்கும். இதைக் கொடுத்தா கேமும் போகாது சேவும் போகாது, அடுக்கி வச்ச பட்டியலை மட்டும் புதுசா எழுதிக்கும், டிஸ்க்கு நெறஞ்சிருந்தா மணிக்கணக்குல கூட ஆகும், அதனால கரண்ட் நிலையா இருக்குற நேரமாப் பாத்து வைங்க. அதுக்குக் கீழ பிஎஸ்4-ல "இனிஷியலைஸ்"னும் பிஎஸ்5-ல "ரீசெட்"னும் வர்றதை மட்டும் தப்பித் தவறியும் தொட்டுறாதீங்க, எல்லாத்தையும் துடைச்சிரும்.

இனி வராமத் தடுக்க என்ன வழின்னா, கரண்ட் போனதும் உடனே பேட்டரியில இருந்து குடுக்குற யூபிஎஸ்தான். வீட்டுல இன்வெர்ட்டர் இருக்கேன்னு சொல்வீங்க, இருக்கட்டும், ஆனா கரண்ட் போனதும் இன்வெர்ட்டர் மாறுறதுக்கு ஒரு கண நேரம் எடுக்கும், ஃபேனுக்கு அது தெரியாது, கேம் பொட்டிக்குத் தெரியும். நிறைய இன்வெர்ட்டர்ல யூபிஎஸ் மோடுக்கும் சாதா மோடுக்கும் மாத்துற ஒரு சுவிட்ச் இருக்கும், சில வீட்டுல அது சாதா மோடுலயே வருஷக்கணக்கா கிடக்குது, அதை யூபிஎஸ் பக்கம் தள்ளிப் பாருங்க, பாதி வீட்டுல இதோட பிரச்சனை தீந்துரும். இன்வெர்ட்டர் இல்லைன்னா கம்ப்யூட்டருக்கு வைக்கிற 600 விஏ யூபிஎஸ் போதும், அது 360 வாட் வரைக்கும் தாங்குறதா வரும், பிஎஸ்5 பெரிய கேம் ஓடும்போது எடுக்குறது சுமாரா 200 வாட்டு. கூட டிவியையும் அதுலயே போடுங்க, திரை இருட்டாயிருச்சுன்னா கண்ணைக் கட்டிக்கிட்டு சேவ் பண்ண முடியாதுல்ல. டிவி ரொம்பப் பெருசுன்னா அது எத்தனை வாட்டுன்னு பின்னாடி பாத்துட்டு அதுக்குத் தக்கன பெரிய யூபிஎஸ்ஸா எடுங்க. யூபிஎஸ் வச்சு ஆடிக்கிட்டே இருக்கலாம்னு நெனைக்காதீங்க, சேவ் பண்ணி, கேமை மூடி, பொட்டியை ஆஃப் பண்ற அளவுக்குச் சில நிமிஷம் கிடைக்கும், அந்த நிமிஷத்துக்காகத்தான் அது.

இன்னொண்ணு, ஈபி மெயின்டனன்ஸ் ஷட்டவுன். முந்துன நாளே பேப்பர்ல ஏரியா பேரோட போட்டுருவாங்க, காலையில போட்டா மத்தியானமோ சாயங்காலமோதான் கரண்ட் வரும். ராத்திரி ஆடிட்டு ரெஸ்ட் மோடுல விட்டுட்டுத் தூங்குற பழக்கம் இருந்தா அன்னைக்கு மட்டும் அதைச் செய்யாதீங்க. ரெஸ்ட் மோடுல ஆட்டம் மெமரியிலதான் நிக்குது, ஆரஞ்சு லைட்டு அணைஞ்சா உறைஞ்சு நின்ன ஆட்டமும் காலி. சேவ் பண்ணு, கேமை மூடு, பவர்ல போய் முழுசா "டர்ன் ஆஃப்" கொடு, லைட்டு மினுக்குறது நின்னு சுத்தமா அணைஞ்சதுக்கு அப்புறம் ப்ளக்கைப் பிடுங்கு. இந்த வரிசை மாறக்கூடாது. ப்ளக்கைப் பிடுங்கி வைக்கிறது எதுக்குன்னா திரும்பக் கரண்ட் வரும்போது வோல்டேஜ் எகிறி வரலாம், அதுக்காக.

நாங்க சின்ன வயசுல கேசட் போட்டு ஆடுன டிவி கேமை பட்டுனு ஆஃப் பண்ணுவோம், பட்டுனு கேசட்டை உருவுவோம். ஒண்ணும் ஆனதில்ல. இப்ப மட்டும் என்ன இத்தனை சடங்கு?
– வாசகர், செல்லூர்

அண்ணே, ரொம்ப நல்ல கேள்வி. அந்தக் கேசட்டுல கேம் அச்சடிச்ச மாதிரி உள்ள இருக்கும், படிக்க மட்டும்தான் முடியும், மெஷின் அதுல எதையும் எழுதாது. எழுதவே இல்லைன்னா கெடுறதுக்கு என்ன இருக்கு. ஸ்கோர் போகும், மறுபடி மொதல்ல இருந்து ஆடணும், அதோட சரி.

ஆனா அந்தக் காலத்துலயே எழுதுற கேசட்டும் வந்துச்சு. நின்டெண்டோவோட "தி லெஜண்ட் ஆஃப் செல்டா" 1987-ல அமெரிக்காவுல கேசட்டா வந்தப்ப கேசட்டுக்கு உள்ளயே ஒரு சின்ன பேட்டரி வச்சு ஆடுனதை ஞாபகம் வச்சுக்குற மாதிரி பண்ணியிருந்தாங்க. அதுல திரையிலயே எழுதியிருக்கும், ரீசெட் பட்டனை அழுத்திப் பிடிச்சுக்கிட்டே பவரை ஆஃப் பண்ணுன்னு. ஏன்னா கரண்ட் அறுந்து வோல்டேஜ் சரியுற அந்த நொடியில மெஷினோட மூளை தடுமாறி அந்த ஞாபகத்து மேல கண்டதையும் கிறுக்கிரும், ரீசெட்டைப் பிடிச்சிருந்தா மூளை ஓடாம நிக்கும், கிறுக்காது. அப்புறம் பிஎஸ்2 வந்துச்சு 2000-ல, 8 எம்பி மெமரி கார்டு, சேவ் ஆகும்போது கார்டைப் பிடுங்காதேன்னு ஒவ்வொரு தடவையும் திரையில போடும், அதை நீங்களும் பாத்திருப்பீங்க. இப்ப இருக்குற மெஷின் ஆட்டம், அப்டேட்டு, போட்டோ, டவுன்லோடுன்னு எந்நேரமும் எதையாவது எழுதிக்கிட்டே இருக்கு. அதனாலதான் இத்தனையும்.

எல்டன் ரிங் ஆடுறேன். ஒவ்வொரு தடவை திறக்கும்போதும் "போன தடவை கேமை சரியா முடிக்கல"ன்னு வருது. நான் ஒழுங்கா க்ளோஸ் பண்ணிட்டுத்தான் போறேன்.
– வாசகர், திருப்பரங்குன்றம்

ஒழுங்காத்தான் பண்றீங்க, ஆனா மெஷினுக்கு ஒழுங்கு, கேமுக்கு இல்ல. ஆப்ஷன்ஸ் பட்டன் வழியா மூடுறது வெளிய இருந்து கதவை இழுத்துச் சாத்துற மாதிரி, உள்ள இருக்குறவனுக்குத் தகவலே போகாது. அந்த கேமுக்குள்ள மெனுவைத் திறந்து சிஸ்டம்ல கடைசியா இருக்குற "க்விட் கேம்" கொடுங்க, டைட்டில் ஸ்க்ரீனுக்கு வந்துரும், அப்ப நீங்க நின்ன இடம் வரைக்கும் எழுதி முடிச்சிருச்சுன்னு அர்த்தம், அதுக்கப்புறம் வெளிய வந்து க்ளோஸ் பண்ணுங்க. அந்த மெசேஜ் திரும்ப வராது. அந்த கேம் அடிக்கடி தானாவே சேவ் பண்ணிக்கிட்டு இருக்கும்ங்கிறதால பெரிய நஷ்டம் வந்திருக்காது, இருந்தாலும் டைட்டில் ஸ்க்ரீன் வரைக்கும் வந்து அப்புறம் மூடுறதை எல்லா கேமுக்குமே பழக்கமா வச்சுக்கோங்க.

எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எஸ் வச்சிருக்கேன். கேமை மூடவே வேணாம், க்விக் ரெஸ்யூம் இருக்குன்னு ஃப்ரெண்டு சொல்றான். சரியா?
– வாசகர், வில்லாபுரம்

பாதி சரி. எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எக்ஸ், எஸ் ரெண்டும் ஆட்டத்தை மெமரியில வைக்காம எஸ்எஸ்டியிலயே எடுத்து வச்சிரும், ஒண்ணு இல்ல, பல கேமை அப்படி வச்சிருக்கும், ப்ளக்கைப் பிடுங்கி மறுநாள் போட்டாலும் விட்ட இடம் வரும். நம்ம ஊர் கரண்டுக்கு இது பெரிய வரம்தான், இதுல பிஎஸ்5-ஐ விட எக்ஸ்பாக்ஸ் ஒரு படி மேலன்னு தாராளமாச் சொல்வேன். ஆனா அந்த எடுத்து வைக்கிற வேலை நீங்க வேற கேமுக்கு மாறும்போதோ மெஷினை முறையா அணைக்கும்போதோதான் நடக்கும், நல்லா ஆடிக்கிட்டு இருக்கும்போது கரண்ட் போனா அதுக்கு நேரம் ஏது. ஆன்லைன் கேமுக்கும் இது ஒத்து வராது, திரும்ப வந்தா சர்வர்ல இருந்து வெளிய தள்ளிரும், சில நேரம் உள்ளயும் போகாம வெளியயும் வராம தொங்கும். அப்படித் தொங்குனா நடு எக்ஸ்பாக்ஸ் பட்டனை அழுத்தி கேம் மேல நின்னு மூணு கோடு போட்ட மெனு பட்டனைத் தட்டி "க்விட்" கொடுத்துட்டுப் புதுசாத் திறங்க. க்விக் ரெஸ்யூமை நம்பி சேவ் பண்ணாம மட்டும் விட்டுறாதீங்க, அது சேவ் இல்ல.

மேலூர்ல சின்னதா ஒரு கேம் சென்டர் போட்டிருக்கேன், மூணு பிஎஸ்4 ஓடுது. பசங்க டைம் முடிஞ்சதும் கன்ட்ரோலரைப் போட்டுட்டு ஓடிருறாங்க, அடுத்த பையன் வந்து உக்காந்துருறான். ஒவ்வொரு தடவையும் மூடித் திறக்கணுமா? நேரம் போகுதே.
– வாசகர், மேலூர்

மூடித்தான் திறக்கணும் தம்பி. ஆட்டம் நின்ன இடத்துல இருந்து அடுத்த பையன் ஆடுனா முந்துனவனோட சேவ் மேலயே இவன் ஆட்டம் எழுதப்படும். நாளைக்கு அவன் திரும்ப வந்து "அண்ணே என் கேம் எங்க"ன்னு நிப்பான். கதை கேம் ஆடுற வாடிக்கைப் பசங்களுக்கு ஆளுக்கு ஒரு சேவ் ஸ்லாட்டு ஒதுக்கி, ஸ்லாட்டு நம்பரை ஒரு நோட்டுல எழுதி வைங்க, இல்லைன்னா தனித்தனி யூஸர் போட்டுக் குடுங்க. டைம் முடிய அஞ்சு நிமிஷம் இருக்கும்போதே குரல் குடுங்க, "சேவ் பண்ணிக்கங்கடா"ன்னு. அஞ்சு நிமிஷம் கூடப்போனாலும் காசு கேக்காதீங்க, அந்த மரியாதைக்கே பையன் உங்க கடையைத் தேடி வருவான்.

அப்புறம் சூடு. பெரிய கேம் ஒண்ணை பாஸ்ல போட்டுட்டு விட்டாலும் உள்ள வேலை நடந்துக்கிட்டேதான் இருக்கு, ஃபேன் சத்தத்துலயே தெரியும். மேலூர் வெயிலுக்கு, தகரக் கூரையா இருந்தா கேக்கவே வேணாம், ஆள் இல்லாத நேரம் கேமை மூடி ஹோம்ல விடுங்க, சத்தம் அடங்குறதை நீங்களே கேக்கலாம். கண்ணாடிக் கதவு போட்ட அலமாரிக்குள்ள வச்சிருந்தா இன்னைக்கே வெளிய எடுத்து வைங்க. கேம் ஓடிக்கிட்டே இருந்தா அப்டேட்டும் ஏறாது, இறங்கி அப்படியே காத்துக்கிட்டு கிடக்கும், மூடுனாத்தான் போட்டுக்கும். அதுக்காகவாவது ராத்திரி கடை சாத்தும்போது எல்லாத்தையும் முழுசா மூடுங்க.

பேரன் டிவியை ஆஃப் பண்ணிட்டுப் போயிருறான், கேம் பொட்டியில வெள்ளை லைட்டு எரிஞ்சுக்கிட்டே இருக்கு. கரண்ட் இழுக்குமா?
– ஓய்வு பெற்ற ஆசிரியர், கே.கே.நகர்

இழுக்குங்க ஐயா. டிவியை அணைச்சா படம் மட்டும்தான் போகுது, பொட்டி ஓடிக்கிட்டேதான் இருக்கு. 200 வாட்டு எடுக்குற பொட்டி அஞ்சு மணி நேரம் ஓடுனா 1 யூனிட்டு. ராத்திரி பூரா கிடந்தா ரெண்டு யூனிட்டு பக்கம் வீணாப் போகும், ரெண்டு மாசக் கரண்ட் பில்லுல இது தெனமும் நடந்தா நல்லாவே இடிக்கும். ஆரஞ்சு லைட்டுன்னா பயப்பட வேணாம், அது ரெஸ்ட் மோடு, இழுக்குறது ரொம்பக் கொஞ்சம். பேரன் கிட்ட சொல்லி செட்டிங்ஸ்ல பவர் சேவிங்குக்குள்ள இத்தனை மணி நேரம் யாரும் தொடலைன்னா தானா ரெஸ்ட் மோடு போகணும்னு வைக்கச் சொல்லுங்க. டிவியை அணைச்சா பொட்டியும் கூடவே ரெஸ்ட் மோடு போற மாதிரி எச்டிஎம்ஐ (பொட்டியையும் டிவியையும் சேக்குற கேபிள்) செட்டிங்கும் ஒண்ணு இருக்கு, டிவி அதுக்கு ஒத்துழைச்சா அதைப் போட்டா உங்களுக்குக் கவலையே இல்ல. நீங்க போய் சுவிட்ச்சை மட்டும் அணைச்சிறாதீங்க ஐயா.

சேவ் ஃபைல் கெட்டுப்போச்சு, "கரப்டட் டேட்டா"ன்னு காட்டுது. மீட்க முடியுமா?
– வாசகி, ஒத்தக்கடை

கெட்ட ஃபைலைத் திருப்பி நேராக்குறதுக்கு வீட்டுல இருந்தபடி வழி இல்லம்மா, அதைச் செய்து தர்றேன்னு காசு கேக்குறவங்க கிட்ட ஏமாந்துறாதீங்க. இன்னொரு நகல் இருந்தா அதை வச்சுத்தான் மீளணும். மொதல்ல கேமுக்குள்ள போய் லோடு மெனுவுல பழைய ஸ்லாட்டு ஏதும் இருக்கான்னு பாருங்க, நிறைய கேம் ஆட்டோசேவைத் தனியாவும் நாம பண்ணுன சேவைத் தனியாவும் வைக்கும், ஒண்ணு போனா இன்னொண்ணு நிக்கும். பிஎஸ் ப்ளஸ்ங்கிற பிளேஸ்டேஷன் சந்தா கட்டியிருந்தீங்கன்னா க்ளவுடுல, அதாவது நெட் வழியா கம்பெனி சர்வர்ல, ஒரு நகல் இருக்கும், கெட்ட ஃபைல் அது மேல ஏறுறதுக்கு முன்னாடி கீழ இறக்கிக்கோங்க.

இனிமேலுக்கு, பிஎஸ்4-ன்னா ஒரு பென் டிரைவ் போதும், செட்டிங்ஸ்ல அப்ளிகேஷன் சேவ்டு டேட்டா மேனேஜ்மென்ட்டுக்குள்ள போய் யூஎஸ்பிக்கு காப்பி பண்ணிக்கலாம், காசே ஆகாது. பிஎஸ்5-ல இதுதான் எனக்குப் பெரிய மனக்குறை, பிஎஸ்5 கேமோட சேவை மட்டும் தனியா பென் டிரைவ்ல எடுக்க விடமாட்டாங்க, பிஎஸ் ப்ளஸ் கட்டி க்ளவுடுல போடணும், இல்லைன்னா மெஷின் மொத்தத்தையும் யூஎஸ்பி டிரைவ்ல பேக்கப் எடுக்கணும், பிஎஸ்4 கேமோட சேவை மட்டும்தான் தனியா யூஎஸ்பியில எடுக்கலாம். ஆடுறவன் உழைச்சுச் சேத்ததை அவன் கையில குடுக்குறதுக்கு மாசக் காசு கேக்குறது எனக்குச் சரியாப் படல. ஆனா நிலைமை அப்படித்தான் இருக்கு, அதனால பிஎஸ்5-ல சேவ் ஸ்லாட்டு ரெண்டு மூணா மாத்தி மாத்தி வைக்கிற கேம்ல எல்லாம் அப்படியே வைங்க, ஒரே ஸ்லாட்டு மேல எழுதிக்கிட்டே போகாதீங்க.

நின்டெண்டோ ஸ்விட்ச்சுல எப்படி?
– பள்ளி மாணவி, திருநகர்

ஹோம் பட்டனை அழுத்து பாப்பா, கேம் மேல நின்னு எக்ஸ் பட்டனை அழுத்து, மூடவான்னு கேக்கும், சரின்னு கொடு. மேல இருக்குற பவர் பட்டனை லேசாத் தட்டுனா அது தூங்கத்தான் போகும், முழுசா அணைக்க மூணு செகண்டு அழுத்திப் பிடிச்சு பவர் ஆப்ஷன்ஸ்ல போய் ஆஃப் கொடுக்கணும். பேட்டரி இருக்குறதால கரண்ட் போறதைப் பத்தி கையில வச்சு ஆடும்போது உனக்குக் கவலை இல்ல. சேவ் கேம் கார்டுல இருக்காது, மெஷினுக்குள்ளதான் இருக்கும், அதனால கார்டை ஃப்ரெண்டுக்குக் குடுத்தாலும் உன் ஆட்டம் உன்கிட்டதான்.

இடம் பத்தலைன்னு பிஎஸ்4-க்கு எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்க் போட்டேன். கேமை மூடிட்டு அதை உருவலாம்ல?
– வாசகர், வாடிப்பட்டி

கேமை மூடுனது மட்டும் பத்தாது. பிஎஸ் பட்டனை அழுத்திப் பிடிச்சு சவுண்டு, டிவைஸ்னு இருக்குற இடத்துல "ஸ்டாப் யூஸிங் திஸ் எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜ்"னு கொடுத்துட்டு உருவுங்க, இல்லைன்னா பொட்டியை முழுசா ஆஃப் பண்ணிட்டு உருவுங்க. ரெஸ்ட் மோடுல இருக்கும்போது உருவக்கூடாது. ஆரஞ்சு லைட்டைப் பாத்து ஆஃப்னு நெனச்சுத்தான் பாதிப் பேரு உருவிருறாங்க.